அழுகையை அறியச் செய்யும் அகராதி



ஸ்கொட்லாந்தில் வாழும் நம் தமிழ்க் குடும்பங்களைச் சந்திக்கும்போதெல்லாம் ஒரு மனக்குறையைக் கேட்கிறேன். "சுவாமி, ஆங்கிலம் படித்தோம், தேர்வு எழுதித் தேறினோம், விசாவும் பெற்றோம். ஆனாலும் இங்குள்ள முதியவர்கள் பேசுவதில் பாதி விளங்கவில்லை" என்று சொல்கிறீர்கள். தாதியராகவும் பராமரிப்பு இல்லப் பணியாளராகவும் வாகன ஓட்டுநராகவும் கடை நடத்துநராகவும் உழைக்கும் உங்களில் பலர், அது உங்கள் ஆங்கிலத்தின் குறை என்று எண்ணி வருந்துகிறீர்கள். அது குறை அன்று. உங்கள் செவியில் விழுவது பெரும்பாலும் வேறொரு மொழி. அதன் பெயர் ஸ்கொட்ஸ். அதற்கென அகராதிகள் உண்டு. கற்பதற்கு வழிகளும் உண்டு. அவற்றை நாம் ஏன் நாட வேண்டும் என்பதைப் பற்றியே இன்று எழுத விரும்புகிறேன்.

முதலில் ஒரு தெளிவு. ஸ்கொட்ஸ் என்பது கேலிக் அன்று. மலைநாட்டிலும் மேற்குத் தீவுகளிலும் வேரூன்றிய கேலிக், அயர்லாந்து மொழிக்கு உறவான கெல்ற்றிக் மொழி. ஸ்கொட்ஸோ ஆங்கிலத்துக்கு உடன்பிறப்பு. இரண்டும் பழைய ஆங்கிலத்திலிருந்து கிளைத்தவை. பின்னர் ஸ்கொட்ஸ் தன் வழியே வளர்ந்து, நோர்ஸ், பிரெஞ்சு, டச்சு, கேலிக் மொழிகளிலிருந்து சொற்களை ஏற்றுக்கொண்டது. ஒருகாலத்தில் அரசவையும் நீதிமன்றமும் கவிஞரும் அதனையே கையாண்டனர். 2022 ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 15 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் தாம் ஸ்கொட்ஸ் பேசுவோர் எனப் பதிந்தனர். கிளாஸ்கோ வீதியிலும் டண்டீ சந்தையிலும் அபர்டீன் துறைமுகத்திலும் அது வெவ்வேறு கோலத்தில் ஒலிக்கிறது. யாழ்ப்பாணம், மட்டக்களப்பு, நாகர்கோவில் என ஊருக்கு ஊர் தமிழ் ஒலிக்கும் விதம் மாறுவதை அறிந்த நமக்கு இது புதுமையன்று.

பராமரிப்பு இல்லமொன்றில் பணிபுரியும் நம் சகோதரி ஒருவர் கூறியதை, அவருடைய இசைவோடு இங்கே பகிர்கிறேன். அவர் பணியில் சேர்ந்த முதல் வாரம். இரவுப் பணியை முடித்துச் செல்லும் பெண், எண்பது வயது கடந்த மூதாட்டி ஒருவரைப் பற்றி, "அவர் இரவு முழுவதும் கிரீட்டிங்" என்று சொல்லிவிட்டுப் போனார். ஆங்கிலத்தில் அச்சொல் வாழ்த்துதலைக் குறிக்கும். 'நல்லது, அம்மா மனமகிழ்வோடு எல்லோரையும் வாழ்த்திக்கொண்டிருந்திருக்கிறார்' என்று நம் சகோதரி எண்ணிக்கொண்டார். நண்பகலில் உடல் துடைக்கும்போது மூதாட்டி துடித்துப் போனதைக் கண்டபின்னரே, அவருடைய விலாப்புறத்தில் கடும் நோவு இருப்பது தெரியவந்தது; மருத்துவர் அழைக்கப்பட்டார். ஸ்கொட்ஸ் மொழியில் 'கிரீட்' என்றால் அழுதல். அந்த மூதாட்டி இரவு முழுவதும் அழுதிருக்கிறார்.

இதில் எவரையும் குற்றஞ்சாட்ட இடமில்லை. சொன்னவர் தம் தாய்மொழியில் சொன்னார். கேட்டவர் தாம் கற்ற மொழியில் கேட்டார். ஆயினும் ஓர் ஆன்மாவின் அழுகை அரைநாள் முழுவதும் எவர் செவியையும் எட்டாமல் நின்றது. ஒரு சிறு அகராதி அந்த இடைவெளியை அடைத்திருக்கும்.

அந்த மூதாட்டியின் தலைமுறையினரிடம் நீங்கள் கவனித்திருக்கக்கூடிய மற்றொன்றும் உண்டு. நாம் ஒரு சொல் விளங்காமல் மீண்டும் கேட்டால், பலர் உடனே நாணி, தம் பேச்சுக்கு மன்னிப்புக் கேட்டு, 'ஒழுங்கான ஆங்கிலத்துக்கு' மாறிக்கொள்வர். அந்த நாணம் எங்கிருந்து வந்தது?

பதினாறாம் நூற்றாண்டின் சமயச் சீர்திருத்தக் காலத்தில் இந்நாட்டு மக்களின் கைக்கு வந்த திருவிவிலியம் ஆங்கிலத்தில் இருந்தது. ஏறத்தாழ 1520 ஆம் ஆண்டளவில் மர்டொக் நிஸ்பெட் என்பவர் புதிய ஏற்பாட்டை ஸ்கொட்ஸ் வடிவில் எழுதி வைத்திருந்தார். ஆனால் அது இருபதாம் நூற்றாண்டின் தொடக்கம் வரை அச்சேறவில்லை. 1603 இல் ஸ்கொட்லாந்து மன்னர் ஆறாம் ஜேம்ஸ் இங்கிலாந்தின் அரியணையையும் ஏற்று இலண்டனுக்குப் பெயர்ந்தார். அரசவையும் அவரோடு தெற்கே சென்றது. 1707 இல் இரு நாடாளுமன்றங்களும் ஒன்றாயின. 1872 ஆம் ஆண்டின் கல்விச் சட்டம் எல்லாச் சிறுவரையும் பள்ளிக்கு அழைத்தது. அந்தப் பள்ளியின் மொழியும் ஆங்கிலமே. வீட்டுப் பேச்சை வகுப்பறையில் பேசிய பிள்ளைகள் கண்டிக்கப்பட்டனர்; தோல்வாரால் அடிபட்டவர்களும் உண்டு. கடவுளிடம் பேசவும் அரசுக்கு எழுதவும் ஒரு மொழி. அடுப்படியில் பேசவும் அழவும் வேறொரு மொழி. நாளடைவில் அடுப்படி மொழி 'கெட்டுப்போன ஆங்கிலம்' என்னும் பெயர் பெற்றது. அதைப் பேசியவர்களே அப்பெயரை நம்பினர்.

இந்த நம்பிக்கையை முதன்முதலில் வலுவாக அசைத்தவர்களுள் ஒருவர் சமயப் போதகர் என்பது என் மனத்தைத் தொடுகிறது. ஜோன் ஜேமிசன் என்பவர் ஸ்கொட்லாந்துத் திருச்சபையிலிருந்து பிரிந்த சபையொன்றின் போதகர். அவர் போஃபர் என்னும் சிற்றூரில் பணியாற்றிய காலத்தில், தோர்கெலின் என்னும் ஐஸ்லாந்து அறிஞர் அவரைச் சந்தித்தார். அவ்வூரார் பேச்சிலிருந்து தாம் திரட்டிய சொற்களைக் காட்டி, இவை சிதைந்த ஆங்கிலம் அல்ல, தொன்மையான வேர்கள் உடையவை என்று எடுத்துரைத்தார். பிற அறிஞரைப் போலவே அதுவரை தம் மக்களின் பேச்சைத் தாழ்வாகக் கருதியிருந்த ஜேமிசன், அன்றுமுதல் சொற்களைக் குறிக்கத் தொடங்கினார். அவருடைய அகராதி 1808 இல் இரு பெருந்தொகுதிகளாக எடின்பரோவில் வெளிவந்தது. 1825 இல் மேலும் இரு தொகுதிகள் சேர்ந்தன. வேர்ச்சொற்களைப் பற்றி அவர் கூறியவற்றுள் பலவற்றைப் பின்வந்தோர் ஏற்கவில்லை. ஆனால் ஒவ்வொரு சொல்லுக்கும் அது வழங்கிய நூலிலிருந்து சான்று காட்டிய அவருடைய முறை நிலைத்தது.

நம் மரபை அறிந்தவர்களுக்கு இது வியப்பாக இராது. இயேசு சபைத் துறவி வீரமாமுனிவர் 1732 இல் சதுரகராதியைத் தந்தார். செந்தமிழுக்கு இலக்கணம் எழுதிய அவரே, கொடுந்தமிழ் எனப்பட்ட பேச்சு வழக்குக்கும் தனியே இலக்கணம் எழுதினார். யாழ்ப்பாணத்து அமலமரித் தியாகிகள் சபைக் குரு நல்லூர் சுவாமி ஞானப்பிரகாசர், தமிழ்ச் சொற்களின் பிறப்பை ஆராயும் ஒப்பியல் அகராதியை 1938 முதல் பகுதி பகுதியாக வெளியிட்டார். அது நிறைவெய்துமுன் 1947 இல் இறைவனடி சேர்ந்தார். மக்களின் பேச்சைக் கூர்ந்து கேட்பது மேய்ப்புப்பணியின் ஓர் உறுப்பு என்பதை இவர்கள் அறிந்திருந்தனர்.

ஜேமிசனுக்கு ஒரு நூற்றாண்டுக்குப் பின் அப்பணி பெருகியது. பன்னிரண்டாம் நூற்றாண்டு தொடங்கி 1700 வரையிலான பழைய ஸ்கொட்ஸுக்கு வில்லியம் கிரேகி தொடங்கிய அகராதி 12 தொகுதிகளைக் கொண்டது. 1700 இலிருந்து இக்காலம் வரையிலான மொழிக்கு வில்லியம் கிராண்ட் தொடங்கி டேவிட் மியூரிசன் முடித்த ஸ்கொட்லாந்துத் தேசிய அகராதி 10 தொகுதிகளைக் கொண்டது. இரண்டும் 1931 இல் வெளிவரத் தொடங்கின. தேசிய அகராதி 1976 இல் நிறைவு பெற்றது; பழைய மொழியின் அகராதி 2002 இல்தான் நிறைவு பெற்றது. தொடங்கியவர் முடிவைக் காணவில்லை. முடித்தவர், தாம் பிறக்குமுன் இடப்பட்ட அத்திவாரத்தின்மேல் கட்டினார். பேராலயம் கட்டுவோருக்குரிய பொறுமை இது.

அந்த 22 தொகுதிகளையும் 2004 முதல் எவரும் கட்டணமின்றி இணையத்தில் பார்க்கலாம். பெரிய அகராதியில் ஒரு சொல்லைத் தேடினால், பொருளோடு அச்சொல் எந்த மாவட்டத்தில் எந்த ஆண்டில் எப்படி வழங்கியது என்பதும் கிடைக்கும். ஒரே சொல் பலவாறு எழுத்துக்கூட்டப்படுவதால், முதல் முயற்சியில் கிட்டாவிட்டால் மனந்தளராது வேறு எழுத்துக்கூட்டில் தேடுங்கள். அவ்வளவு விரிவு வேண்டாதவர்களுக்கு ஒரே தொகுதியாகிய சுருக்க அகராதி உண்டு. 1985 இல் வெளிவந்த அது 2017 இல் புதுப்பிக்கப்பட்டது. பள்ளிப் பிள்ளைகளுக்கான ஸ்கொட்ஸ் அகராதி கைபேசிச் செயலியாகவும் உள்ளது. வேலைக்கு நடுவே ஒரு சொல்லைப் பார்க்க அது போதும்.

முறையாகக் கற்க விரும்புவோர்க்குத் திறந்த பல்கலைக்கழகம் ஸ்கொட்ஸ் மொழியும் பண்பாடும் பற்றிய பாடநெறியொன்றை இலவசமாக இணையத்தில் நடத்துகிறது. செவியைப் பழக்க விரும்புவோர், கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தார் 2019 இல் வெளியிட்ட ஸ்கொட்ஸ் தொடரியல் வரைபடத்தை நாடலாம். 140 க்கும் மேற்பட்ட ஊர்களில் மக்கள் பேசியவற்றை அதில் கேட்கலாம். நீங்கள் வாழும் ஊரின் பெயரை வரைபடத்தில் தேடி, அங்குள்ளோர் குரலைக் கேட்டுப் பாருங்கள். மறுநாள் பேருந்தில் கேட்கும் பேச்சு சற்றுத் தெளிவாகும்.

ஒலிப்பு உங்களை அச்சுறுத்த வேண்டாம். ஏரியைக் குறிக்கும் 'லொக்' என்னும் சொல்லின் இறுதி ஒலி ஆங்கிலேயர் பலருக்கு வாய்ப்பதில்லை. 'பகல்', 'அகம்' என்னும்போது நடுவில் நாம் மென்மையாக உரசி ஒலிக்கும் ககரத்துக்கு அது அண்மையானது. ரகரத்தை உருட்டுவதும் நமக்குப் பழக்கமே.

எங்கிருந்து தொடங்குவது? நோவின் சொற்களிலிருந்து தொடங்குங்கள் என்பேன். 'ஸேர்' என்றால் நோவு. 'ஒக்ஸ்டர்' அக்குள். 'லக்' காது. 'ஹோஸ்ட்' இருமல். 'போக்' ஓங்காளம். 'பீலிவாலி' வெளிறிச் சோர்ந்த முகம். 'ட்வாம்' நினைவு தெளிவில்லாத மயக்கநிலை. 'ஸ்கன்னர்ட்' என்று ஒருவர் சொன்னால் அவர் மனம் வெறுத்துப் போயிருக்கிறார். 'ஜாக்' ஊசி. முதியவர் ஒருவர் 'த மோர்ன்' என்று சொன்னால் அது இன்று காலையன்று, நாளை. 'ஹௌ' என்று கேட்டால், 'எப்படி' என்பதற்குப் பதில் 'ஏன்' என்று கேட்கிறார் எனவும் கொள்ளலாம். 'மெசேஜஸ்' வாங்கப் போகிறேன் என்பவர் மளிகைப் பொருள் வாங்கப் போகிறார். 'பிரெஸ்' என்பது சுவரோடு அமைந்த அலமாரி. குழந்தையை மேற்கே 'வெய்ன்' என்றும் கிழக்கே 'பேர்ன்' என்றும் சொல்வர். அபர்டீன் பக்கத்தில் ஒருவர் 'ஃபிட் லைக்?' என்றால் நலம் விசாரிக்கிறார். அங்கே 'வ' ஒலியில் தொடங்கும் வினாச்சொற்கள் 'ஃப' ஒலி பெறும். 'கான்னே', 'டின்னே', 'இஸ்னே' எனச் சொல்லின் ஈற்றில் 'னே' வந்தால் அது மறுப்பு.

மொழிக்குள் புகும்போது ஓர் எச்சரிக்கையும் தேவை. 2020 இல், ஸ்கொட்ஸ் பேசத் தெரியாத அமெரிக்க இளைஞர் ஒருவர் ஸ்கொட்ஸ் விக்கிப்பீடியாவில் பல்லாயிரம் கட்டுரைகளை எழுதியிருந்தது தெரியவந்து பெரும் விவாதம் எழுந்தது. அவர் தீய நோக்கத்தோடு அதைச் செய்யவில்லை. மொழிமீது ஆர்வம் கொண்ட சிறுவராகவே தொடங்கினார். ஆங்கில வாக்கியத்தை வைத்துக்கொண்டு சொற்களை மட்டும் ஸ்கொட்ஸாக மாற்றியதால், அம்மொழி பேசுவோர் எவரும் சொல்லாத வாக்கியங்கள் பிறந்தன. அகராதி நம்மை மனிதரிடம் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும்; மனிதருக்குப் பதிலாக நின்றுவிடக் கூடாது. ஆகவே ஒரு சொல்லைக் கண்டதும் நாமும் அதைப் பேசிக் காட்ட விரைய வேண்டாம். அது சில வேளை கேலியாகவும் தோன்றக்கூடும். முதலில் விளங்கிக்கொள்வோம். "இந்தச் சொல்லை உங்கள் வீட்டிலும் இப்படித்தான் சொல்வீர்களா?" என்று முதியவர் ஒருவரிடம் பணிவோடு கேட்டுப் பாருங்கள். எண்பது ஆண்டுகளாகத் தம் பேச்சுக்கு நாணியவர், அன்று ஆசிரியர் ஆவார்.

நம் ஆண்டவரும் ஊர்ப்பேச்சு உள்ளவர் என்பதை எண்ணிப் பாருங்கள். அவரும் அவருடைய சீடரும் கலிலேயர். தலைமைக் குருவின் முற்றத்தில் பேதுருவைக் காட்டிக்கொடுத்தது அவருடைய பேச்சு வழக்கே என்று மத்தேயு எழுதுகிறார். மாற்கு தம் நற்செய்தியைக் கிரேக்கத்தில் எழுதியபோதும், சிறுமியை உயிர்ப்பித்த இடத்தில் 'தலித்தா கூம்' என்பதையும், காதுகேளாதவரைக் குணமாக்கிய இடத்தில் 'எப்பத்தா' என்பதையும் இயேசுவின் தாய்மொழியிலேயே விட்டுவைத்து, பக்கத்தில் பொருளும் தந்தார். நோயாளியின் காதருகே சொல்லப்பட்ட சொற்கள் அவை. பெந்தக்கோஸ்து நாளில் கூடியிருந்தோர் அனைவரும் ஒரு பொதுமொழியைக் கற்றுக்கொண்டு கேட்கவில்லை. ஒவ்வொருவரும் தத்தம் மொழியில் கேட்டனர்.

இதனை உணர்ந்தவர் வில்லியம் லோரிமர். புனித அந்திரேயா பல்கலைக்கழகத்தின் கிரேக்கப் பேராசிரியரான அவர், தம் முதுமையின் ஆண்டுகளைப் புதிய ஏற்பாட்டை மூலக் கிரேக்கத்திலிருந்து ஸ்கொட்ஸில் பெயர்ப்பதில் செலவிட்டார். பணியை முடித்தும் அச்சில் காணாமலே 1967 இல் இறந்தார். அவருடைய மகன் ரொபின் கையெழுத்துப்படிகளைச் செப்பனிட்டு 1983 இல் வெளியிட்டார். இயேசுவின் சோதனையைக் கூறும் பகுதிக்கு அதன் பின்னிணைப்பில் வேறொரு வடிவமும் உண்டு. அதில் சாத்தான் மட்டும் பிழையற்ற ஆங்கிலம் பேசுகிறான்! சிரிப்பு வருகிறது, ஆனால் பள்ளியில் அடிபட்ட ஒரு தலைமுறையின் வலியும் அந்தச் சிரிப்புக்குள் இருக்கிறது.

பெற்றோரே, உங்களிடம் தனியாக ஒரு வேண்டுகோள். பிள்ளைகள் பள்ளியிலிருந்து 'அய்', 'வீ', 'கான்னே' என்று பேசிக்கொண்டு வரும்போது, "என்ன கொச்சைப் பேச்சு? ஒழுங்கான ஆங்கிலம் பேசு" என்று கண்டிப்பதைக் கேட்டிருக்கிறேன். அவர்களுடைய எதிர்காலத்தை எண்ணியே சொல்கிறீர்கள் என்பதை அறிவேன். ஆனால் இந்நாட்டுப் பிள்ளைகளுக்கு அவர்களுடைய பள்ளி சொன்ன அதே சொற்களை நாமும் சொல்ல வேண்டுமா? நம் பிள்ளைகள் தமிழ் பேச நாணுகிறார்கள் என்று கலங்கும் நாம், ஒரு வீட்டு மொழியைத் தாழ்வென்று அவர்களுக்குக் கற்பித்தால், மற்ற வீட்டு மொழியையும் அதே தராசில் நிறுக்கவே அவர்கள் பழகுவார்கள். எங்கே எந்த மொழி பொருந்தும் என்று கற்றுக்கொடுங்கள். எந்த மொழி இழிவானது என்று கற்றுக்கொடுக்க வேண்டாம். நிலைமையும் மாறி வருகிறது. 2014 முதல் பள்ளிகளில் ஸ்கொட்ஸ் மொழிக்கான தேர்வுச் சான்று உண்டு. மத்தேயு ஃபிட், ஜேம்ஸ் ரொபேட்சன் முதலியோர் சிறுவருக்கான நூல்களை ஸ்கொட்ஸில் தந்துள்ளனர். ஹரி பொட்டரின் முதல் நூலும் 2017 இல் அம்மொழியில் வந்துவிட்டது. 2025 இல் ஸ்கொட்லாந்து நாடாளுமன்றம் இயற்றிய மொழிகள் சட்டம், கேலிக்குக்கும் ஸ்கொட்ஸுக்கும் உத்தியோகபூர்வ நிலையை வழங்கியது.

நமக்கு ஆதரவு தந்த நாட்டுக்கு நாம் வரி செலுத்துகிறோம், உழைக்கிறோம். அதன் முதியவர்களைக் கழுவித் துடைத்து உணவூட்டுவோருள் இன்று நம்மவர்களும் இருக்கிறார்கள். மறதிநோய் முற்றும்போது பிற்காலத்தில் கற்ற மொழி முதலில் உதிர்ந்து, குழந்தைப் பருவத்து மொழி எஞ்சி நிற்பதைப் பலரிடம் கண்டிருக்கிறோம். நாளை இந்நாட்டின் ஏதோவொரு இல்லத்தில், நம்முள் ஒருவர் ஆங்கிலத்தை மறந்து, "நோகுது பிள்ளை" என்று தமிழில் முனகக்கூடும். அருகில் நிற்கும் வேற்றுநாட்டு இளம்பெண் அந்த ஒரு சொல்லையாவது அறிந்திருக்க வேண்டும் என்று நாம் விரும்பமாட்டோமா?

ஆகவே இந்த வாரம் மூன்று சொற்களை அகராதியில் பார்த்துக் குறித்துக்கொள்ளுங்கள். அவற்றுள் ஒன்றைப் பற்றி உங்கள் அயலார் ஒருவரிடம் கேளுங்கள். வரும் ஞாயிறு திருப்பலிக்குப் பின் தேநீர் அருந்தும்போது அதை எனக்கும் சொல்லுங்கள். நானும் குறிப்பேட்டோடு வருவேன். பராமரிப்பு இல்லங்களில் பணிபுரிவோர், தாம் கேட்ட நோவின் சொற்களை எழுதித் தந்தால், தமிழ்ப் பொருளோடு ஒரு தாளில் தொகுத்துப் புதிதாக வருவோருக்குக் கொடுப்போம்.

அழுவோரின் மொழியை அறியும் செவியை ஆண்டவர் நமக்கு அருள்வாராக. 

செபத்துடனும் ஆசியுடனும்,
உங்கள் பணியாளனாகிய குரு